யூதப் பிள்ளையை யூதராக வளர்ப்பது வீடே!

நடுவர் அவர்களுக்கும் அவைக்கும் வணக்கம். நேரம் குறைவு, நேராக மீனுக்கு வருகிறேன்.

ஒரு யூதக் குழந்தையின் மனத்தில் யூத உணர்வை ஊன்றுவது பெரிதும் வீடா, யூதர் கூடி வழிபடும் ஜெப ஆலயமா என்பது தலைப்பு. எங்கள் அணியில் முதலில் பேசிய அம்மா சமையலறையைப் பற்றிச் சொல்லிவிட்டு உட்கார்ந்தார். உடனே எதிரணிப் பேராசிரியர் எழுந்து ஒரு போடு போட்டார். "மீன் குழம்பு வைத்தால் யூதர் ஆகிவிடலாம் என்றால், எங்கள் தெருமுனை மெஸ்ஸில் தினமும் நூறு யூதர்கள் உருவாகிறார்கள்!" அரங்கமே அதிர்ந்தது. சரி, சிரித்தாகிவிட்டது. இப்போது அதே மீனை வைத்து நான் ஒன்று சொல்கிறேன், கேளுங்கள்.

மகாராஷ்டிரத்தில் கொங்கண் கடற்கரை இருக்கிறது. அலிபாக், நவ்காவ் பக்கம். அங்கே ஒரு சமூகம் பல நூற்றாண்டுகளாக எண்ணெய்ச் செக்கு ஆட்டி வாழ்ந்தது. பேசுவது மராத்தி, உடுத்துவது மராட்டியச் சேலை. பக்கத்து வீட்டுக்காரனுக்கும் இவர்களுக்கும் பார்வைக்கு ஒரு வித்தியாசமும் கிடையாது. ஒன்றே ஒன்றைத் தவிர. சனிக்கிழமை வந்தால் செக்கு ஓடாது. அதனால் ஊரார் வைத்த பெயர் 'சனிவார் தேலி', சனிக்கிழமை வாணியர். தங்களைப் பற்றி அவர்கள் சொல்லிக்கொண்ட கதை இது: முன்னோர் வந்த கப்பல் கரையருகே உடைந்தது, பிழைத்தவர்கள் ஏழு ஆண்கள், ஏழு பெண்கள். கையில் இருந்த புனித நூல் எல்லாம் கடலோடு போய்விட்டது. இவர்கள்தான் பெனே இஸ்ரவேலர் என்ற இந்திய யூதர்கள்.

ஒருநாள் தாவீது ரஹாபி என்ற யூதர் அந்தக் கரைக்கு வந்தார். எந்த நூற்றாண்டு என்பதில் ஆய்வாளர்களுக்குள் ஒத்த கருத்து இல்லை. ஆனால் அந்தச் சமூகத்தின் ஒவ்வொரு வீட்டிலும் இந்தக் கதை தெரியும். இவர்கள் நம் ஆட்கள்தானா என்று ரஹாபிக்குச் சந்தேகம். எப்படிச் சோதித்தார்? யூதரின் வேதமான தோராவிலிருந்து கேள்வி கேட்டாரா? அந்த வேதத்தின் மொழியான எபிரேயம் வாசிக்கச் சொன்னாரா? அங்கே ரபி என்ற மதகுரு இல்லை, புத்தகம் இல்லை, ஜெப ஆலயமும் இல்லை. ஒரு கூடை மீனை வாங்கி வந்து பெண்கள் முன்னால் வைத்தார். "சமைத்துத் தாருங்கள், அம்மா" என்றார். அவ்வளவுதான்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்கிறேன். அந்தக் கூடையைப் பாருங்கள். செதிலும் துடுப்பும் உள்ள மீன் இருக்கிறது, இல்லாத மீனும் கலந்திருக்கிறது. யூதர் முறைப்படி செதிலும் துடுப்பும் இருந்தால்தான் உண்ணலாம். நம் சந்தையில் கிடக்கும் கெளுத்தி ஆகாது, இறால் ஆகாது, நண்டு ஆகவே ஆகாது. வந்தவர் இதில் எதையாவது வாய்விட்டுச் சொன்னாரா? இல்லை. அந்தப் பெண்கள் உட்கார்ந்தார்கள். ஒவ்வொரு மீனாக எடுத்தார்கள். செதில் உள்ளது இந்தப் பக்கம், இல்லாதது அந்தப் பக்கம். "ஏனம்மா அதை ஒதுக்குகிறீர்கள்?" "அதை நாங்கள் சாப்பிடுவதில்லை, ஐயா." சோதனை முடிந்தது! இவர்கள் இஸ்ரவேலர்தான் என்று ரஹாபி அங்கேயே ஏற்றுக்கொண்டார்.

பேராசிரியர் அவர்களே, உங்கள் தெருமுனை மெஸ்ஸில் நூறு பேர் மீன் சாப்பிடுகிறார்கள். எந்த மீனைத் தொடக்கூடாது என்று அந்த நூறு பேரில் யாருக்காவது அம்மா சொல்லிக்கொடுத்திருக்கிறாரா? குழம்பு வைத்ததால் அந்தப் பெண்கள் யூதர் ஆகவில்லை. ஒதுக்கினார்களே, அந்தக் கையில் இருக்கிறது விஷயம். அந்தக் கைக்கு யார் பழக்கியது? மீன் ஆயும்போது பக்கத்தில் குந்தியிருந்த சின்னப் பெண்ணிடம் ஓர் அம்மா சொன்னாள், அந்தப் பெண் தன் மகளிடம் சொன்னாள். மும்பையில் பெனே இஸ்ரவேலரின் முதல் ஜெப ஆலயத்தை சாமுவேல் எசேக்கியேல் திவேகர் கட்டியது 1796இல். மஸ்ஜித் ரயில் நிலையத்துக்குப் பெயர் தந்ததே அந்த ஆலயம்தான். நல்ல விஷயம், நானும் கைகூப்புகிறேன். ஆனால் 1796க்கு முன்பு? அத்தனை தலைமுறைப் பிள்ளைகளை வளர்த்தது யார்? சனிக்கிழமை ஓய்வுநாளையும் விருத்தசேதனத்தையும் 'ஷெமா இஸ்ராயேல்' என்ற ஒரே ஒரு ஜெபத்தையும் பிடித்து வைத்திருந்தது வீடு.

இன்னும் ஒன்று. இதே மக்கள் இஸ்ரேலுக்குப் போய்க் குடியேறினார்கள். போன இடத்தில், 1960களின் தொடக்கத்தில், திருமணத்துக்கு வந்த பெனே இஸ்ரவேலரிடம் தலைமை ரபிகள் தரப்பு என்ன கேட்டது தெரியுமா? உங்கள் பாட்டி யார், அவருடைய பாட்டி யார், விசாரிக்க வேண்டும் என்றது. ஒரு கூடை மீனில் ரஹாபிக்குத் தீர்ந்த சந்தேகம், அத்தனை படித்தவர்களுக்குத் தீரவில்லை. அந்த மக்கள் குழந்தை குட்டிகளோடு எருசலேமில் போராடினார்கள். 1964இல் இஸ்ரேல் நாடாளுமன்றமே கூடி, இவர்கள் எல்லா வகையிலும் யூதர்கள்தான் என்று சொல்ல வேண்டியிருந்தது. பேராசிரியர் எந்த அமைப்பை உயர்த்திப் பேசினாரோ அந்த அமைப்புதான் இவர்களைச் சந்தேகித்தது. வீடு ஒருநாளும் சந்தேகிக்கவில்லை.

பதின்மூன்று வயதில் பையன் ஆலயத்தில் தோரா வாசிக்கிறானே, பார் மிட்ஸ்வா, அதற்கு என்ன பதில் என்று கேட்டார்கள். வாசிக்கட்டும், மகிழ்ச்சி. அதற்கு முந்தைய பதின்மூன்று வருடம் அவன் எங்கே இருந்தான்? எகிப்திலிருந்து விடுதலையானதை நினைக்கும் பஸ்கா இரவை எடுத்துக்கொள்ளுங்கள். அது நடப்பது சாப்பாட்டு மேசையில். புளிக்காத அப்பம், கசப்புக் கீரை, உப்புத் தண்ணீர் எல்லாம் வைத்திருக்கும். அந்த இரவைத் தொடங்கிவைப்பது அங்கே இருப்பதிலேயே சின்னக் குழந்தையின் கேள்வி. இந்த இரவு மட்டும் ஏன் மற்ற இரவுகளைப் போல இல்லை என்று அது பாடிக் கேட்க வேண்டும். தாத்தாவானாலும் பேரனுக்குப் பதில் சொல்லியே ஆக வேண்டும். அப்பத்தில் ஒரு துண்டை ஒளித்துவைப்பார்கள். பிள்ளைகள் வீடெல்லாம் தேடுவார்கள். அது கைக்கு வராமல் விருந்து முடியாது, பரிசு வாங்காமல் பிள்ளை அதைக் கொடுக்காது! எகிப்தில் அடிமையாக இருந்த கதை இப்படித்தான் ஐந்து வயதுப் பிள்ளைக்குள் இறங்குகிறது.

உங்கள் தோராவே என் பக்கம்தான். உபாகமம் ஆறாம் அதிகாரம். இவற்றைப் பிள்ளைகளுக்குப் போதி என்று சொல்லிவிட்டு, எங்கே எப்போது என்று வரிசையாகச் சொல்கிறது. அந்த வரிசையில் முதலில் வருவது என்ன? வீட்டில் உட்கார்ந்திருக்கும்போது! படுக்கும்போதும் எழுந்திருக்கும்போதும் பேசு, வீட்டு நிலைக்கால்களில் எழுதிவை என்கிறது. பேராசிரியர் அந்தப் பக்கத்தை மறுபடி ஒருமுறை புரட்டிப் பார்க்க வேண்டும்.

மணி அடிக்கப் பார்க்கிறார்கள். ஒரு நிமிடம் கொடுங்கள் ஐயா, இதைச் சொல்லாமல் என்னால் இறங்க முடியாது.

போர்த்துகல். 1497இல் அங்கிருந்த யூதர்களைக் கட்டாயப்படுத்தி ஞானஸ்நானம் கொடுத்தார்கள். 1536இல் மத விசாரணை மன்றம் வந்தது. யூத முறைப்படி வாழ்ந்தது தெரிந்தால் சிறை, சித்திரவதை, தீ. ஆலயம் போயிற்று, ரபி போனார், நூல் போயிற்று. ஆனாலும் பெல்மோந்தே என்ற மலையூரில் சில குடும்பங்கள் வெளியே கிறிஸ்தவர்களாக நடமாடி, உள்ளே, ஓய்வுநாள் தொடங்கும் வெள்ளிக்கிழமை மாலையில் யாருக்கும் வெளிச்சம் தெரியாதபடி விளக்கேற்றின. ஜெபங்களை மனப்பாடமாக வைத்திருந்தவர்கள் பெண்கள். தாயிடமிருந்து மகளுக்கு, வாய்வழியாக.

1917இல் சாமுவேல் ஷ்வார்ஸ் என்ற போலந்து நாட்டுச் சுரங்கப் பொறியாளர் அங்கே போகிறார். "நானும் யூதன்" என்கிறார். பெண்கள் நம்பவில்லை. "எங்கள் ஜெபத்தில் ஒன்று சொல்" என்கிறார்கள். அவருக்குத் தெரிந்தது எபிரேயம், அவர்களுக்குத் தெரிந்தது போர்த்துகீசியம். வேறு வழியில்லாமல் அவர் 'ஷெமா இஸ்ராயேல்' சொல்லத் தொடங்குகிறார். அதில் 'அதோனாய்' என்ற கடவுளின் பெயர் வந்தது. அந்தப் பெண்கள் எல்லோரும் சட்டென்று கையால் கண்ணை மூடிக்கொண்டார்கள். ஜெபம் முடிந்ததும் ஒரு பாட்டி மற்றவர்களிடம் திரும்பிச் சொன்னாள்: அதோனாயின் பெயர் இவருக்குத் தெரிந்திருக்கிறது, இவர் யூதர்தான்.

420 வருடம், ஐயா! எபிரேயம் முழுக்க மறந்துபோயும் அந்த ஒரு பெயரை விடவில்லை. எத்தனை அம்மாக்கள் கதவைச் சாத்திவிட்டுக் குழந்தையின் காதில் அதைச் சொல்லியிருப்பார்கள்! குழந்தை தெருவில் போய் உளறிவிட்டால் குடும்பமே அழியும் என்று தெரிந்தும் சொல்லியிருக்கிறார்களே!

பெல்மோந்தேயில் 1996இல் ஒரு ஜெப ஆலயம் திறந்தார்கள். அன்று அதற்குள் நடந்து போனவர்கள் அந்தப் பெண்களின் பேரப்பிள்ளைகள். நடுவர் அவர்களே, அந்தப் பாட்டிகளின் பெயரால் உங்களிடம் தீர்ப்புக் கேட்கிறேன். நன்றி, வணக்கம்.