கருவாடு, கஞ்சி, கருவாப்பட்டை: லிஸ்பனில் ஒரு சாப்பாட்டு நடை

[காட்சி: ரோசியோ சதுக்கத்தை ஒட்டிய சிறு திடல். நாலு பேர் நின்றால் நிறைந்துவிடும் கடை. கல்மேடையில் விரல் உயரக் கோப்பைகள்.]

காலை பத்தரை மணிக்குக் கையில் மதுக்கோப்பையோடு தெருவில் நிற்பவரை நம் ஊரில் யாரும் நல்லவிதமாகப் பார்ப்பதில்லை. லிஸ்பனில் எங்கள் சாப்பாட்டு நடை தொடங்கியதே அப்படித்தான். எட்டுப் பேர் கொண்ட குழு. வழிகாட்டி நடுத்தர வயதுப் பெண், குரலில் ஆசிரியை. கடைக்காரர் ஒவ்வொருவரையும் பார்த்து ஒரே கேள்வி கேட்டார்: "அவற்றோடா, அவை இல்லாமலா?"

"அவை" என்பது செர்ரிகள். ஜின்ஜா என்ற புளிப்புச் செர்ரியைச் சாராயத்தில் சர்க்கரையும் பட்டையும் சேர்த்து ஊறப்போட்டு எடுப்பது ஜின்ஜின்யா. ஸ்பெயினின் கலீசியாவிலிருந்து வந்த எஸ்பின்யெய்ரா என்பவர் 1840-ல் இந்தக் கடையைத் தொடங்கினார். பழத்தை வாயில் ஒதுக்கிக்கொண்டு, கொட்டையைத் துப்ப இடம் தேடினேன். பக்கத்தில் இருந்த பெரியவர் கூச்சமே இல்லாமல் தரையில் துப்பினார். தரை முழுக்க ஏன் செருப்பு ஒட்டுகிறது என்று அப்போதுதான் விளங்கியது.

குடிக்காதவர்கள் இந்த நிறுத்தத்தில் வேடிக்கை பார்த்தால் போதும், யாரும் வற்புறுத்துவதில்லை.

[காட்சி: அதே திடலில், தாவீதின் நட்சத்திரம் பொறித்த நினைவுக்கல்.]

கடையிலிருந்து சில அடி தூரத்தில் இந்தக் கல் இருக்கிறது. 2008-ல் வைத்தார்கள். 1497-ல் போர்ச்சுகலின் யூதர்கள் கட்டாயமாகக் கிறிஸ்தவர்களாக மாற்றப்பட்டார்கள். ஒன்பது ஆண்டுகள் கழித்து, 1506 ஏப்ரலில், எதிரே தெரியும் சாவ் டொமிங்கோஸ் தேவாலயத்தில் கிளம்பிய கும்பல், அப்படி மதம் மாறியவர்களைத் தேடித்தேடிக் கொன்றது. வழிகாட்டி இதைச் சொன்னபோது குரலைத் தாழ்த்தினார். சிறிது நேரம் யாரும் பேசவில்லை.

சாப்பாட்டு நடையில் இது எதற்கு என்று கேட்கலாம். பதில் அடுத்த தெருவில், தட்டில் வந்தது. அல்யெய்ரா. பார்த்தால் பன்றி இறைச்சித் தொத்திறைச்சி மாதிரி வளைந்து கிடக்கும். உள்ளே ரொட்டி, கோழி, பூண்டு. பன்றி தின்னாத வீடு எது என்று அக்கம்பக்கத்தார் கண்காணித்த காலத்தில், மதம் மாறியதாகக் காட்டிக்கொண்ட யூதர்கள் அடுப்புக்கு மேல் இதைத் தொங்கவிட்டு உளவாளிகளின் கண்ணைக் கட்டினார்கள் என்பது லிஸ்பனின் வழிகாட்டிகள் எல்லோரும் சொல்லும் கதை. எனக்குக் கொஞ்சம் சந்தேகம். மிஞ்சிய ரொட்டியை வீணாக்காமல் குடலில் அடைத்துப் புகைபோடுவது எந்த ஏழை விவசாயிக்கும் தோன்றக்கூடியதே. ஆனால் கதை அழகானது, தொத்திறைச்சியும் சுவையானது. இன்றைய அல்யெய்ரா பலவற்றில் பன்றி இறைச்சியே சேர்கிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன். கதையை நம்பிச் சாப்பிட்டுவிட வேண்டாம்.

[காட்சி: பலகை அடுக்கியது போல் மீன் அடுக்கிய கடை. நெருக்கத்தில், மீன்மேல் வெள்ளை உப்பு.]

இனி இந்த நடையின் நாயகனுக்கு வருவோம். கடைக்குள் நுழைந்ததும் குழுவில் இருந்த இருவர் மூக்கைப் பொத்திக்கொண்டார்கள். எனக்கு அது தெரிந்த வாசனை. கருவாட்டுக் கடை வாசனை.

பக்கல்யாவ். உப்புப் போட்டு உலர்த்திய காட் மீன். நடுவில் பிளந்து விரித்து, பட்டம் போலத் தட்டையாக்கிக் காயவைத்திருக்கிறார்கள். கடைக்காரர் அனுமதியோடு விரல்முட்டியால் தட்டினேன்; 'டொக்' என்று மரக்கதவின் ஓசை. கத்திக்கு மசியாது. மேடையில் பொருத்திய அரிவாள் போன்ற இரும்புத் தகட்டை மேலிருந்து கீழே இறக்கி வெட்டிக் கொடுக்கிறார்கள். நடுமுதுகின் தடித்த துண்டுக்கு விலை அதிகம். வாலும் ஓரமும் மலிவு. அவை உருளைக்கிழங்கோடு சேர்ந்து வடை போலப் பொரிபடும்.

வேடிக்கை என்னவென்றால், போர்ச்சுகலின் கடலில் காட் மீன் கிடையாது. அது குளிர்க் கடலின் மீன். தங்கள் வாசலில் மத்தியும் சூரையும் துள்ளும்போது, எங்கோ இருக்கும் மீனை உப்புக்கண்டமாகக் கொண்டுவந்து தேசிய உணவு என்கிறார்கள். ஏன்?

கொழுப்புக் குறைந்த மீன் என்பதால் காட் காய்ந்தபின் எளிதில் காறிப்போகாது, மாதக்கணக்கில் தாங்கும். கத்தோலிக்க நாட்டில் இறைச்சி தின்னக்கூடாத நாட்கள் ஏராளம். கடற்கரையிலிருந்து தொலைவில் இருந்த மலைக் கிராமத்துக்குப் பச்சை மீன் போய்ச்சேராது, கருவாடு போகும். ஆகவே 16-ஆம் நூற்றாண்டிலேயே போர்ச்சுகீசியர்கள் அட்லாண்டிக்கைக் கடந்து, இன்று கனடாவில் இருக்கும் நியூஃபவுண்ட்லாந்துக்கு மீன்பிடிக்கப் போனார்கள். 20-ஆம் நூற்றாண்டில் சலாசாரின் சர்வாதிகார அரசு இதை ஓர் இயக்கமாகவே நடத்தியது. இரண்டாம் உலகப்போரில் நடுநிலை நாட்டின் கப்பல் என்று தெரிவதற்காக வெள்ளை பூசிய கப்பல்கள். அவற்றிலிருந்து ஒரு படகுக்கு ஓர் ஆள் என்று இறக்கிவிடுவார்கள். பனிமூட்டத்தில், தூண்டில் கயிற்றோடு, தனியாக. படகு நிறைந்தால் திரும்பலாம். திரும்பாதவர்களும் உண்டு. இந்த முறை 1970-களின் நடுப்பகுதி வரை நீடித்தது என்பதை நினைத்தால், தட்டில் இருக்கும் துண்டு தொண்டையில் கொஞ்சம் இறங்க மறுக்கிறது. இன்று பெரும்பகுதி நார்வேயிலிருந்து வருகிறது.

சமைக்கும் விதம்? நம் வீடுகளில் கருவாட்டை வெந்நீரில் போட்டுக் கழுவி எடுத்தால் வேலை முடிந்தது. இதை ஒரு நாள் முதல் இரண்டு நாள் வரை, தண்ணீரை மாற்றி மாற்றி ஊறவைக்க வேண்டும். நன்றாக ஊறினால் உப்பு போய், இதழ் இதழாகப் பிரியும் வெள்ளைச் சதை மீளும். அதைப் பிய்த்துப்போட்டு, வெங்காயம், தீக்குச்சி போல் மெல்லியதாகப் பொரித்த உருளைக்கிழங்கு, முட்டை எல்லாவற்றையும் கிளறி, மேலே கறுப்பு ஆலிவ் வைத்தால் அதுதான் பக்கல்யாவ் ஆ பிராஸ். முட்டைப் பொடிமாஸின் ஒன்றுவிட்ட அண்ணன்.

[காட்சி: மேசையில் ரொட்டி, ஆலிவ், சிறிய பாலாடைக்கட்டி.]

இங்கே என் அசட்டுத்தனத்தைச் சொல்லியாக வேண்டும். முதல் நாள் மாலை, நடைக்கு முன்பே, தனியாக ஒரு சாப்பாட்டுக் கடையில் உட்கார்ந்தேன். கேட்காமலேயே ரொட்டி, ஆலிவ், பாலாடைக்கட்டி எல்லாம் மேசைக்கு வந்தன. ஆகா, என்ன உபசாரம் என்று வழித்துத் தின்றேன். பில்லில் ஒவ்வொன்றும் வரிசையாக நின்றது. "அதற்குக் குவேர் என்று பெயர்" என்றார் வழிகாட்டி சிரித்தபடி. "தொட்டால் காசு. வேண்டாம் என்றால் எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள், யாரும் கோபிக்க மாட்டார்கள்." நாசூக்குப் பார்க்காமல் திருப்பி அனுப்புங்கள். செர்ரா த எஷ்ட்ரேலா மலையின் செம்மறியாட்டுப்பால் பாலாடைக்கட்டி வந்தால் மட்டும் அனுப்பாதீர்கள். ஒருவகை முள்செடிப் பூவை ஊறவைத்த நீரால் பாலைத் திரித்துச் செய்வது அது. உள்ளே கூழாக இருக்கும், கரண்டியால் எடுக்கலாம்.

சைவம் சாப்பிடுபவர்களுக்கு ஒரு வார்த்தை. கால்டோ வெர்டே என்ற கீரை சூப்பைச் சைவம் என்று நம்பிவிடாதீர்கள். மேலே ஒரு துண்டு தொத்திறைச்சி மிதக்கும். "தோட்டத்து மீன்குஞ்சு" என்று பொருள்படும் பெயர்கொண்ட ஒரு பலகாரம் இருக்கிறது. மீனே கிடையாது, பீன்ஸ் பஜ்ஜி. போர்ச்சுகீசியர்களோடு ஜப்பானுக்குப் போய் டெம்புரா ஆனது இதுதான் என்பார்கள்.

பிஃபானா பற்றி அதிகம் சொல்ல ஒன்றும் இல்லை. பூண்டும் வெள்ளை ஒயினும் சேர்த்து வேகவைத்த பன்றி இறைச்சியை ரொட்டிக்குள் வைத்துத் தருகிறார்கள், நின்றபடியே தின்கிறார்கள். அந்த ரொட்டியின் பெயரைக் கவனியுங்கள். யாழ்ப்பாணத்தில் யாரிடம் கேட்டாலும் ரொட்டியைப் 'பாண்' என்பார்கள். போர்ச்சுகீசிய மொழியில் ரொட்டிக்கு உள்ள சொல்லே அது. நாம் உட்காரும் மேசையும், மூடும் ஜன்னலும், திருகும் சாவியும், அறுக்கும் அன்னாசியும் அவர்கள் கப்பலில் வந்த சொற்களே.

[காட்சி: ஆவி பறக்கும் கிண்ணம். கோழித் துண்டு, அரிசி, புதினா இலை.]

ஆனால் கப்பல் ஒருவழிப் பாதையில் ஓடவில்லை.

மதியச் சாப்பாட்டுக்கு மொராரியா பகுதியின் ஒரு சிறு கடையில் உட்கார்ந்தோம். கரும்பலகையில் அன்றைய உணவுகளின் பட்டியல். முதல் வரியை எழுத்துக்கூட்டிப் படித்தவன் நிமிர்ந்து உட்கார்ந்தேன். கான்ஜா. கோழி கான்ஜா.

"இது என்ன?" என்று வழிகாட்டியிடம் கேட்டேன்.

"எங்கள் பாட்டிமார் வைத்தியம். காய்ச்சல் வந்தால், பிள்ளை பெற்றால், மனசு சரியில்லை என்றால் இதைத்தான் கொடுப்பார்கள். கோழி வெந்த நீரில் அரிசி."

"எங்கள் ஊரில் இதற்குக் கஞ்சி என்று பெயர்" என்றேன்.

அவர் ஒரு நொடி என்னைப் பார்த்தார். இந்தியாவிலிருந்து வந்த சொல் என்று அவருக்குத் தெரியும். அதை அன்றாடம் பேசும் வாயிலிருந்து கேட்டது அதுவே முதல்முறையாம். கோவாவில் வாழ்ந்த போர்ச்சுகீசிய மருத்துவர் கார்சியா த ஓர்த்தா, மிளகும் சீரகமும் சேர்த்த அரிசி நீரை நோயாளிக்குக் கொடுப்பதையும், அதைக் 'கஞ்ஜெ' என்று அழைப்பதையும் 1563-லேயே எழுதிவைத்தார். தமிழும் மலையாளமும் பேசிய கரையிலிருந்து கப்பலேறிய சொல், லிஸ்பனில் கோழியோடு சேர்ந்து குடியேறிவிட்டது. மாங்காய் அங்கே மாங்கா. கறி அங்கே கரில். மிக எளிதான வேலையைப் பார்த்து "அது கஞ்சி" என்று சொல்வதும் அவர்கள் வழக்கம்.

கிண்ணம் வந்தது. புதினா, எலுமிச்சைப் பிழிவு. உப்பு ஒரு கல் குறைவு. ஊறுகாய் இல்லாததுதான் குறை. தொட்டுக்கொள்ள ஆலிவ் தந்தார்கள், பரவாயில்லை.

[காட்சி: டெஜோ ஆற்றங்கரையில் விரிந்த பெரிய சதுக்கம். அலைகள்.]

சாப்பிட்டபின் ஆற்றங்கரைக்கு இறங்கினோம். இறங்கும்போது கவனம்; லிஸ்பனின் நடைபாதை பளபளப்பான சுண்ணாம்புக்கல், ஈரமானால் சோப்புக்கட்டி. மிளகும் பட்டையும் கிராம்பும் வந்து இறங்கிய இந்தியா இல்லம் என்ற அரசுப் பண்டகசாலை இந்தச் சதுக்கத்தின் பக்கம்தான் இருந்தது. 1755-ன் நிலநடுக்கம் அதை விழுங்கியது. குழு இங்கே கலைந்தது. நான் 15-ஆம் எண் டிராம் ஏறி லிஸ்பனின் பெலேம் பகுதிக்குப் போனேன்.

[காட்சி: நீல ஓடு பதித்த இனிப்புக் கடை. வெளியே நீண்ட வரிசை.]

போர்ச்சுகலின் கன்னிமடங்கள் முட்டையின் வெள்ளைக்கருவை அங்கிகளுக்குக் கஞ்சி போடப் பயன்படுத்தின என்பார்கள். ஆம், அங்கேயும் கஞ்சிதான். மிஞ்சிய மஞ்சள்கருவும் மதேய்ராத் தீவிலிருந்தும் பிரேசிலிலிருந்தும் வந்த சர்க்கரையும் சேர்ந்து நூற்றுக்கணக்கான இனிப்புகள் பிறந்தன. கன்னியாஸ்திரியின் தொப்பை, சொர்க்கத்துப் பன்றிக்கொழுப்பு என்று பெயர் வைத்திருக்கிறார்கள். மடத்துக்குள் நகைச்சுவைக்குப் பஞ்சமில்லை போலும். 1834-ல் அரசு மடங்களை மூடியது. பெலேமில் இருக்கும் ஜெரோனிமோஸ் மடத்தின் முட்டைப்பால் இனிப்புச் செய்முறை பக்கத்துச் சர்க்கரை ஆலைக்குக் கைமாறி, 1837-ல் இந்தக் கடை பிறந்தது. செய்முறை இன்றும் ரகசியம். மற்ற கடைகளில் கிடைப்பது பாஸ்டெல் டி நாட்டா. இங்கே விற்பதற்கு மட்டும் பெலேம் பாஸ்டெல் என்று பெயர்.

அரைமணி நேரம் வரிசையில் நின்றேன். அட்டைக் குழாயில் ஆறு, கூடவே சர்க்கரைப் பொடி ஓர் உறையில், பட்டைத்தூள் ஓர் உறையில். எதிர்ப் பூங்காவின் பெஞ்சில் உட்கார்ந்து ஒன்றை எடுத்தேன். விளிம்பு அப்பளம் போல நொறுங்குகிறது; நடுவில் கருகிய புள்ளிகளோடு முட்டைப்பால், இன்னும் சூடாக. அந்தக் கருகல் தவறு இல்லை, கடும் அனலில் சுட்டதன் அடையாளம்.

மிளகு தேடி 1498-ல் கோழிக்கோட்டில் இறங்கிய வாஸ்கோ ட காமாவின் கல்லறை, பெஞ்சிலிருந்து பார்த்தால் தெரியும் அந்த மடத்தின் தேவாலயத்துக்குள் இருக்கிறது. பட்டைக்காகவே பிறகு இலங்கையில் கோட்டை கட்டினார்கள். உறையைக் கிழித்துத் தாராளமாகவே தூவினேன். காற்றடித்துப் பாதி சட்டையில் விழுந்தது. ஆறையும் அறைக்குக் கொண்டுபோய்ப் பகிர்ந்து சாப்பிடுவதாக நண்பருக்குச் சொல்லியிருந்தேன். குழாயில் இரண்டுதான் மிச்சம் இருந்தன. மறுபடியும் வரிசையில் போய் நின்றேன்.