ஓர்மைக்கு ஆகும் ஆட்டங்கள்

நேயர்கள் எல்லாருக்கும் வணக்கம். ஓர்மைக்கு, அதாவது நினைவாற்றலுக்கு, எந்த ஆட்டங்கள் ஆகும் என்று இன்றைக்குப் பேசலாம்.

நாகர்கோவிலில் இடலாக்குடி என்றதும் நம் மாவட்டத்துத் தமிழ் ஆர்வலர்கள் ஒரு பெயரைச் சொல்லிவிடுவார்கள். சதாவதானி செய்குத்தம்பிப் பாவலர். 1874இல் அந்த ஊரில் பிறந்தவர். 1907ஆம் ஆண்டு மார்ச் 10ஆம் தேதி, சென்னை விக்டோரியா மண்டபத்தில், அறிஞர் பெருமக்கள் கூடிய சபையில் சதாவதானம் செய்து காட்டினார்.

அவதானம் நடக்கும் விதத்தை இளைய நேயர்களுக்காகக் கொஞ்சம் விரித்துச் சொல்கிறேன். அவதானியைச் சுற்றிப் பலர் உட்கார்ந்திருப்பார்கள். ஒருவர் ஈற்றடி கொடுத்து வெண்பா கேட்பார். ஒருவர் பின்னால் நின்று முதுகில் சிறு கல்லோ நெல்லோ எறிந்துகொண்டே இருப்பார். ஒருவர் நினைத்தபோது மணி அடிப்பார். இன்னொருவர் எதிரே சதுரங்கப் பலகையை வைத்துக் காய் நகர்த்துவார். அவதானி எல்லாருக்கும் ஈடுகொடுத்து, கடைசியில் எத்தனை கல் விழுந்தது, எத்தனை மணி அடித்தது என்று சொல்லி, பாட்டையும் குறையில்லாமல் முடித்துத் தரவேண்டும். இப்படி எட்டுச் செயல் என்றால் அட்டாவதானம், பத்து என்றால் தசாவதானம், நூறு என்றால் சதாவதானம்.

இதைக் கேட்டதும், "அதெல்லாம் பிறவியிலேயே வரணும்" என்பார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. யாப்பும் இலக்கணமும் இளமையிலிருந்தே நாவில் ஊறியிருந்தால்தான் கல்லை எண்ணிக்கொண்டே வெண்பா கட்ட முடியும். பாட்டுக்குத் தனியாக யோசிக்க வேண்டாத அளவுக்கு அது பழகிப்போயிருக்க வேண்டும். அப்போதுதான் மீதிக் கவனம் கல்லுக்கும் மணிக்கும் கிடைக்கும். மனிதன் எதில் பழகுகிறானோ அதில் தேறுகிறான். இன்றைக்கு நான் பேச வந்ததும் இதைத்தான்.

நான் ஓய்வுபெற்ற கணக்கு ஆசிரியை. மார்த்தாண்டம் பக்கத்தில் ஒரு படிப்பகத்தில் சனிக்கிழமை சாயங்காலங்களில் வயதானவர்களைக் கூட்டி விளையாட வைக்கிறோம். வருகிறவர்கள் முதலில் கேட்பது, "டீச்சர், எனக்கு ஓர்மையே நிக்க மாட்டேங்குது. மகன் போன்ல ஒரு கேம் ஏத்தித் தந்திருக்கான், அதை ஆடினா சரியாகுமா?" என்றுதான்.

அதற்கு ஆராய்ச்சிகள் சொல்லும் பதில் நேர்மையானது, ஆனால் விளம்பரங்களில் வராது. 2010இல் பிரிட்டனில் 11,430 பேரை ஆறு வாரம் கம்ப்யூட்டரில் மூளைப் பயிற்சி விளையாட்டுகளை ஆட வைத்துப் பார்த்தார்கள். ஆடிய ஆட்டத்தில் எல்லாரும் தேறினார்கள். ஆடாத வேறு சோதனைகளில், அந்த ஆட்டத்துக்கு நெருக்கமானவற்றில்கூட, சொல்லும்படியான முன்னேற்றம் இல்லை. அமெரிக்காவில் 65 வயது தாண்டிய 2,832 பேரிடம் இன்னொரு பெரிய ஆய்வு நடந்தது. நினைவு, தர்க்கம், பார்த்ததைச் சட்டென்று கண்டுபிடிக்கும் வேகம் என்று மூன்று குழுவுக்குத் தனித்தனியே, ஆளுக்குப் பத்து அமர்வு பயிற்சி கொடுத்தார்கள்; நாலாவது குழுவுக்குப் பயிற்சி இல்லை. பத்து வருஷம் கழித்துச் சோதித்தபோதும் தர்க்கத்திலும் வேகத்திலும் பெற்ற பலன் மிஞ்சியிருந்தது. நினைவுப் பயிற்சியின் பலன் மட்டும் அதுவரை நிற்கவில்லை.

இதைக் கேட்டு மனம் தளர வேண்டியதில்லை. பயிற்சி வீண் என்று அந்த ஆய்வுகள் சொல்லவில்லை. பழகிய திறமைதான் வளரும் என்றுதான் சொல்கின்றன. எனவே உங்களுக்கு எந்த வேலைக்கு ஓர்மை வேண்டுமோ அந்த வேலையிலேயே பழகுங்கள். ஆட்டம் ஆடுவதானால் சும்மா விரலைத் தட்டுகிற ஆட்டம் வேண்டாம். எதிரே ஒரு ஆள் உட்கார்ந்து, அடுத்து என்ன செய்வார் என்று உங்களை யோசிக்க வைக்கிற ஆட்டமாக இருக்கட்டும்.

பல்லாங்குழியை எடுத்துக்கொள்ளுங்கள். பக்கத்துக்கு ஏழாகப் பதினாலு குழி. குழிக்கு ஐந்து புளியங்கொட்டை போட்டு ஆரம்பிக்கிறோம் என்று வையுங்கள். முதல் குழியில் இருக்கும் ஐந்தை அள்ளி அடுத்தடுத்த குழிகளில் ஒவ்வொன்றாகப் போட்டால் ஆறாம் குழியில் முடியும். முடிந்த இடத்துக்கு அடுத்த குழியை அள்ள வேண்டும் என்பதால் ஏழாம் குழியை அள்ளுகிறீர்கள், பன்னிரண்டில் முடிகிறது. பதிமூன்றை அள்ளுகிறீர்கள், சுற்றி வந்து நாலாம் குழியில் முடிகிறது. ஐந்தாம் குழியில் இப்போது ஆறு இருக்கிறது. அதை அள்ளினால் பதினொன்று வரை போகும். பன்னிரண்டிலும் ஆறு, அதை அள்ளினால் மறுபடி நாலில் வந்து நிற்கும். அடுத்த ஐந்தாம் குழி காலி. காலிக் குழியைத் துடைத்தால், அதற்கு அடுத்த ஆறாம் குழியில் இருக்கும் ஏழு காயும் உங்களுக்கு.

ஒரே கைக்குள் இவ்வளவு கணக்கு ஓடுகிறது. காயைத் தொடும் முன்பே, எந்தக் குழியில் ஆரம்பித்தால் எங்கே போய் நிற்கும் என்று பார்க்கத் தெரிந்தவர்தான் ஜெயிப்பார். எங்கள் படிப்பகத்தில் குழியில் கைவிட்டு எண்ணக் கூடாது என்பது சட்டம். யாராவது விரலை நீட்டினால் போதும், "எக்கா, தொடாதீங்க, கண்ணால எண்ணுங்க" என்று நாலு குரல் வரும். ஒரு பாட்டி ஆடும்போது உதடு மட்டும் அசையும். கண் குழி குழியாக ஒரு சுற்றுப் போய் வரும். அதன் பிறகுதான் கை இறங்கும். அந்தச் சில நொடிகளில் அவர் மனதில் எண்களைப் பிடித்து வைத்துக்கொண்டு, மாற்றி மாற்றிக் கணக்குப் பார்க்கிறார். நினைவுக்கு இதைவிட நல்ல வேலை ஒன்றை நான் கண்டதில்லை.

ஆடுபுலி ஆட்டம் வேறு விதம். மூன்று புலி, பதினைந்து ஆடு. ஆட்டை வைத்து ஆடுகிறவருக்குத்தான் மூளைக்கு அதிக வேலை. ஆட்டுக்குப் பின்னால் இடம் காலியாக இருந்தால் புலி தாண்டி வெட்டிவிடும். அதனால் ஒவ்வொரு ஆட்டை இறக்கும்போதும் மூன்று புலியின் வழியையும் மனதில் வைக்க வேண்டும். பேரப்பிள்ளைகளோடு ஆடும்போது பெரியவர்கள் ஆடு பக்கம் எடுங்கள் என்று சொல்வேன். தாயம் பாதி அதிர்ஷ்டம் என்றாலும், எந்தக் காயை நகர்த்துவது என்ற முடிவு உங்கள் கையில் இருப்பதால் அதுவும் ஆகும். நியூயார்க்கில் 75 வயது தாண்டியவர்களைப் பல வருஷம் தொடர்ந்து பார்த்து 2003இல் வெளியிட்ட ஒரு ஆய்வில், வாசிப்பு, பலகை விளையாட்டு, இசைக்கருவி, நடனம் ஆகியவற்றில் ஈடுபட்டவர்களுக்கு மறதி நோய் குறைவாக வந்திருந்தது. நடனம் என்றதும் எனக்கு நம் களியல் ஆட்டம்தான் தோன்றியது. பாட்டு, அடி, எதிராளியின் கம்பு மூன்றையும் ஒரே சமயத்தில் பிடிக்க வேண்டிய ஆட்டம் அது. ஆனால் ஒன்று, ஓர்மை நன்றாக இருப்பவர்கள்தான் ஆடப் போகிறார்கள் என்றும் இருக்கலாம். ஆடியதால்தான் நோய் வரவில்லை என்று அந்த ஆய்வை வைத்து அடித்துச் சொல்லிவிட முடியாது.

ஆட்டம் தவிர, தினசரி செய்ய ஒரு பயிற்சி உண்டு. படித்ததைத் திரும்பப் படிப்பதைவிட, மூடி வைத்துவிட்டு நினைவிலிருந்து எடுத்துச் சொல்லிப் பார்த்தால் நாள்பட நிற்கும். 2006இல் அமெரிக்காவில் கல்லூரி மாணவர்களை வைத்துச் செய்த சோதனையில் இது தெளிவாகத் தெரிந்தது. ஐந்து நிமிஷம் கழித்துச் சோதித்தபோது திரும்பப் படித்தவர்கள் நன்றாகச் சொன்னார்கள். ஒரு வாரம் கழித்துச் சோதித்தபோது, எடுத்துச் சொல்லிப் பழகியவர்கள் முந்தினார்கள். பிளஸ் டூ பிள்ளைகள் வீட்டில் இருப்பவர்கள் இதைக் கட்டாயம் கவனியுங்கள். பெரியவர்களும் காலையில் பேப்பரை மடித்து வைத்துவிட்டு, படித்ததில் மூன்று செய்தியை வீட்டில் யாரிடமாவது சொல்லுங்கள். கோயிலில் கேட்ட கதையையும், ஞாயிற்றுக்கிழமை கேட்ட பிரசங்கத்தையும், ஜும்ஆ பயானையும் வீட்டுக்கு வந்து சொல்லிப் பாருங்கள்.

சந்தைக்குப் போகும்போது சீட்டு எழுதுங்கள், ஆனால் அதைப் பையின் அடியில் வையுங்கள். வாங்க வேண்டிய சாமான்களை வீட்டிலிருந்து பஸ் ஸ்டாப் போகும் வழியில் ஒவ்வொரு இடமாக மனதில் வைத்துக்கொண்டே போகலாம். வீட்டு நடையில் மரச்சீனிக் கிழங்கு, கிணற்றடியில் சாளை மீன், ஆலமூட்டில் நல்லமிளகு, டீக்கடை பெஞ்சில் ஏத்தங்காய்க் குலை. வழி உங்களுக்கு மனப்பாடம் என்பதால், வழியை நினைத்தாலே சாமானும் வந்துவிடும். வாங்கி முடித்த பிறகு சீட்டை எடுத்து ஒத்துப் பாருங்கள்.

இவ்வளவும் சொன்ன பிறகு வேறொன்றைச் சொல்லாமல் போக எனக்கு மனம் இல்லை. நம் நாட்டில் 60 வயது தாண்டியவர்களில் நூறில் ஏழு பேருக்கு மேல் டிமென்ஷியா என்னும் மறதி நோய் இருப்பதாகக் கணக்கிட்டிருக்கிறார்கள். கண்ணாடியை வைத்த இடம் மறப்பது யாருக்கும் நடப்பது. பழகிய தெருவில் வழி தெரியாமல் நிற்பது, கேட்ட கேள்வியையே கால் மணி நேரத்தில் நாலு தரம் கேட்பது, சில்லறை எண்ணத் தடுமாறுவது, இவை வேறு. அப்படிப்பட்டவர்களைத் தயவுசெய்து விளையாட்டென்று உட்காரவைத்து, "இது யாரு சொல்லு, நேத்து என்ன சாப்பிட்ட சொல்லு" என்று சோதிக்காதீர்கள். அவர்கள் கூனிக்குறுகிப் போவதை நான் பார்த்திருக்கிறேன். டாக்டரிடம் கூட்டிப்போங்கள். பி12 சத்துக் குறைவு, தைராய்டு, மனச்சோர்வு, சில மாத்திரைகள் இவற்றால் வரும் மறதியைச் சரிசெய்ய வழி இருக்கிறது. ஆசாரிப்பள்ளம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை நமக்குப் பக்கத்திலேயே இருக்கிறது.

லான்செட் மருத்துவ இதழின் நிபுணர் குழு 2024இல் மறதி நோய்க்கு வழிவகுக்கும், ஆனால் மாற்றக்கூடிய பதினாலு காரணங்களைப் பட்டியலிட்டது. ரத்த அழுத்தம், சர்க்கரை, புகை, குடி, தனிமை எல்லாம் அதில் இருக்கின்றன. காது கேளாமையும் இருக்கிறது. இதை நம்மவர்கள் பெரிதாக எடுப்பதில்லை. காது மந்தமானவர் பேச்சிலிருந்து ஒதுங்குகிறார், பிறகு ஆட்டத்திலிருந்தும் ஒதுங்குகிறார், கடைசியில் திண்ணையில் தனியாக உட்கார்ந்துவிடுகிறார். காது மெஷின் வைப்பது வெட்கம் இல்லை. சோறு பரிமாறும்போது "என்ன? என்ன?" என்று உங்கள் பாட்டா கேட்டால், இந்த வாரமே காதைக் காட்டுங்கள்.

நேரம் ஆகிவிட்டது. விடைபெறும் முன் உங்களுக்கு ஒரு கணக்கு. பல்லாங்குழியில் குழிக்கு ஐந்துக்குப் பதில் ஆறு காய் போட்டிருக்கிறது. முதல் குழியில் எடுத்து ஆடினால் எந்தக் குழி காலியாக எதிர்ப்படும், எத்தனை காய் கிடைக்கும்? பலகை எடுக்கக் கூடாது, பேப்பரும் பேனாவும் கூடாது. மனதுக்குள்ளேயே போட்டுப் பார்த்து, பக்கத்தில் இருப்பவரிடம் விடையைச் சொல்லுங்கள். அவர் ஒத்துக்கொள்ளவில்லை என்றால் புளியங்கொட்டையை எடுத்து வந்து ஆடித் தீர்த்துக்கொள்ளுங்கள். வணக்கம்.