விளக்கை அணைத்துவிட்டுக் கேளுங்கள்

நேயர்களுக்கு வணக்கம். ராத்திரியில் முள் பச்சையாக ஒளிரும் கைக்கடிகாரத்தைப் பார்த்திருப்பீர்கள். அதில் ரேடியம் இருந்ததோ இல்லையோ, 'ரேடியம் வாட்ச்' என்றுதான் சொல்வோம். அந்தப் பச்சையில் ஒரு இசைத்தட்டு முழுக்க ஒளிர்ந்தால் எப்படி இருக்கும்? கற்பனை இல்லை, என் அலமாரியில் ஒன்று இருக்கிறது.

ஜெர்மனியில் டுசெல்டார்ஃப் நகரத்து கிராஃப்ட்வெர்க் குழுவின் 'நியான் லைட்ஸ்'. 1978-இல் பிரிட்டனில் 12 அங்குல சிங்கிளாக, அதாவது ஆல்பமாக இல்லாமல் ஓரிரு பாட்டுகள் மட்டும் உள்ள தட்டாக வந்தது. கிராஃப்ட்வெர்க் என்றால் ஜெர்மன் மொழியில் மின் நிலையம். பெயருக்கேற்றபடி, மின்சாரத்தால் ஒலி எழுப்பும் சின்தசைசரும் மின்னணுத் தாளமும்தான் அவர்களுடைய வாத்தியங்கள். பாட்டில் வரிகள் சொற்பம். இருட்டியதும் இந்த ஊரே வெளிச்சமாகிவிடுகிறது, அவ்வளவுதான் சேதி. ஆனால் ஆல்பத்தில் கிட்டத்தட்ட ஒன்பது நிமிடம் ஓடும். குழுவின் பாடகர் ரால்ஃப் ஹூட்டர் பாடி முடித்த பிறகும் மெட்டு மட்டும் தனியாக நகர்வலம் போய்க்கொண்டே இருக்கும்.

நான் இதைப் பழைய தட்டு விற்கும் கடையில் வாங்கினேன். பகலில் பார்த்தால் திரிந்த பால் நிறம். விற்றவர் இருட்டில் ஒளிரும் என்று அடித்துச் சொன்னார். வீட்டுக்கு வந்து, விளக்கை அணைத்து, உறையிலிருந்து எடுத்தேன். கும்மிருட்டு. ஏமாந்துவிட்டோம் என்று புலம்ப ஆரம்பித்தேன். என் மனைவி கேட்டாள்: "இத்தனை நாள் உறைக்குள்ளேயே பட்டினி கிடந்ததே, அதுக்குச் சோறு போட்டீங்களா?" அட, ஆமாம்! வெளிச்சத்தைத் தின்றால்தானே வெளிச்சம் விடும்!

டியூப்லைட்டுக்குப் பக்கத்தில் ஒரு கையால் பிடித்துக்கொண்டு ஐந்து நிமிடம் நின்றேன். மறுபடி விளக்கை அணைத்தோம். பச்சை வட்டம், நடுவில் லேபிள் மட்டும் கறுப்பாக. ஓரத்தில் நான்கு கறுப்புக் கோடுகள். என்னவென்று பார்த்தால், என் விரல்கள்! விரல் மறைத்த இடத்தில் வெளிச்சம் படவில்லை. தட்டைத் தொடாதே, தொடாதே என்று ஊருக்கெல்லாம் உபதேசம் செய்கிறவன் நான். கையும் களவுமாகப் பிடித்துக் கொடுத்துவிட்டது. அப்புறம் அதைச் சுழலவிட்டதும் கோடுகளும் பச்சை வளையத்தோடு சேர்ந்து சுற்றின. அதன்மேல் ஊசிக்கை ஒரு கறுப்புக் குச்சியாகத் தெரிந்தது.

வண்ணத் தட்டு, படம் அச்சிட்ட தட்டு என்று குறைந்த எண்ணிக்கையில் விட்டுக் காசு பார்ப்பது இசைத்தட்டு வியாபாரத்தில் சகஜம். பாட்டுக்கும் நிறத்துக்கும் ஒரு சம்பந்தமும் இருக்காது. எனக்கு அதில் எரிச்சல் உண்டு. இங்கே அப்படி இல்லை. இருட்டினால் ஒளிரும் ஊரைப் பற்றிய பாட்டு, இருட்டினால் ஒளிரும் தட்டில் இருக்கிறது. விளக்கை அணைக்காமல் இதைக் கேட்டவர் பாதிப் பாட்டைத்தான் கேட்டார் என்பேன். வீட்டில் இதைச் சொல்லிச் சொல்லி அலுக்க வைத்தாயிற்று, இப்போது உங்கள் முறை.

குறை உண்டா? உண்டு. சாதாரணத் தட்டு கறுப்பாக இருப்பது கரித்தூளால். டயரில் கலப்பதும் அந்த வகைத் தூள்தான். இதில் அதற்குப் பதில் ஒளிரும் தூள். இந்த மாதிரித் தட்டுகளில் இரைச்சல் அதிகம் என்று சேகரிப்பவர்கள் குறைப்படுவார்கள். என்னுடையதில் அமைதியான இடங்களில் கடுகு தாளிக்கிற சத்தம் கேட்கும். பள்ளத்தில் ஊசி எப்படி ஓடுகிறது என்பதற்குப் படம் வேண்டும், வானொலியில் முடியாது, விடுங்கள்.

சரி, கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இரண்டு விரல் காட்டுகிறார்கள், இரண்டு நிமிடம்தான் பாக்கி. இரண்டாம் பக்கத்தைப் பற்றி நிறையச் சொல்ல நினைத்திருந்தேன். அதில் 'டிரான்ஸ் யூரோப் எக்ஸ்பிரஸ்', 'தி மாடல்' என்று இரண்டு பாட்டுகள். 1978-இல் 'நியான் லைட்ஸ்' பிரிட்டன் விற்பனைப் பட்டியலில் மேலே ஏறவில்லை. ஆனால் பின்பக்கத்தில் சும்மா உட்கார்ந்திருந்த அந்த 'தி மாடல்' இருக்கிறதே, 1982 பிப்ரவரியில் அங்கே முதலிடம்! அது எப்படி என்பது தனிக் கதை. ஒரு விரல் ஆகிவிட்டது. வணக்கம்.