ஓசை காணுமெண்டால் சாத்திரியார் எதுக்கு?

நடுவர் அய்யாவுக்கும், முன்னால பாயில இருக்கிற அம்மாமாருக்கும், பின்னால மோட்டச்சைக்கிளில ஏறி இருந்துகொண்டு கேக்கிற தம்பிமாருக்கும் வணக்கம். பிள்ளையளுக்கு இப்ப வைக்கிற புதுப் பேருக்கு வேண்டியது கருத்தா ஓசையா எண்டதுதான் இண்டைக்குத் தலைப்பு, நான் கருத்துப் பக்கம். எனக்கு முன்னம் கதைச்ச எதிரணித் தங்கச்சி வடிவாக் கதைச்சவ, பேர் எண்டது கூப்பிடத்தானே, வாய்க்கு இனிச்சால் காணும், அகராதியை ஆர் விரிச்சுப் பாக்கினம் எண்டு கேட்டவ, கை தட்டும் நல்லா விழுந்தது, உண்மையைச் சொன்னால் நானும் தட்டினனான்.

ஆனால் தங்கச்சி, ஓசையைப் பாத்துத்தான் பேர் வைக்கிறம் எண்டு சொல்லுறியள், அந்த ஓசையைத் தெரிஞ்செடுக்கிறது ஆர்? நீங்களா?

பிள்ளை பிறந்த உடன என்ன நடக்குது எண்டு பாருங்கோ. பிறந்த நேரத்தைக் குறிச்சுக்கொண்டு தேப்பன் சாத்திரியாரிட்ட ஓடுறார். அவர் நட்சத்திரத்தைப் பாத்து நாலு எழுத்துக் குடுக்கிறார், பாதத்துக்கு ஒண்டு, 27 நட்சத்திரத்துக்கும் சேத்து 108 எழுத்து. அது வடமொழி எழுத்துக்கணக்கு. மகத்தில பிறந்த பிள்ளை தப்பிச்சுது, ம, மி, மு, மே, எவ்வளவு பேரும் வைக்கலாம். ஆயிலியத்தில பிறந்தால் டி, டு, டே, டோ. தமிழ்ச் சொல்லு ஒண்டும் ட-வில தொடங்காது எண்டு அஞ்சாம் வகுப்புப் பிள்ளைக்கும் தெரியும், ஆனாலும் பஞ்சாங்கத்தில கிடக்குது, அப்ப என்ன செய்யிறது, டிலக்ஷன், டினுஷன், டிலோஜா எண்டு ஒண்டை உருட்டி எடுக்கவேண்டியதுதான். பூசத்துக்கு இன்னும் மோசம், ஹு, ஹே, ஹோ, ட.

முதல் எழுத்து சாத்திரியார் தந்தது, சரியா. பிறகு கனடாவில இருந்து சித்தி வட்ஸ்அப்பில வருவா, எண் பாத்தனியளோ எண்டு. எங்கட ஆக்கள் கனபேர் பாக்கிற அந்த எண்கணிதத்தைப் பரப்பினவர் கீரோ எண்டு ஒருத்தர், அயர்லாந்துக்காரர், 1866 இல பிறந்தவர், சொந்தப் பேர் வில்லியம் ஜோன் வார்னர். (தன்ர பேரையே மாத்திப்போட்டுத்தான் ஊருக்குப் பேர் பாத்தவர்!) அதில தமிழ் எழுத்துக்கு எண்ணே இல்ல, இங்கிலீசு எழுத்துக்குத்தான் இருக்கு, ஏ, ஐ, ஜே, கியூ, வை அஞ்சுக்கும் ஒண்டு, பி, கே, ஆர் மூண்டுக்கும் ரெண்டு, இப்பிடியே எட்டு மட்டும் போகும், ஒன்பதுக்கு ஒரு எழுத்தும் இல்ல. கூட்டுத்தொகை சரிவரேல்ல எண்டால் நடுவில ஒரு எச் போடு, கடைசியில ஒரு ஏ போடு. அந்த எச்சைக் காதால கேட்டவை ஆராவது இந்தச் சபையில இருந்தால் கையை உயர்த்துங்கோ பாப்பம். கேக்காத எழுத்தைப் போட்டுப்போட்டு ஓசை, ஓசை எண்டால் எப்பிடி?

கடைசியா வால். அது பக்கத்து வீட்டைப் பாத்து வாறது, அங்க ஷன் எண்டு முடிஞ்சால் இஞ்சயும் ஷன், அங்க ஷிகா எண்டால் இஞ்சயும் ஷிகா. ரீச்சர் வகுப்பில ஷன் எண்டு இழுத்தால் பத்துப் பொடியள் எழும்புறாங்கள். முதல் எழுத்து சாத்திரியார், நடுவில கீரோ, வால் பக்கத்து வீடு, அப்ப பெத்தவை காதால கேட்டு இது இனிக்குது எண்டு எடுத்தது எந்த எழுத்து? ஓசைக்கு வக்காலத்து வாங்குற நீங்கள் முதல்ல அந்த ஓசைக்காவது விசுவாசமா இருந்திருக்கோணும்.

இப்ப எங்கட பக்கத்துக்கு வாறன். எங்கட ஒழுங்கையில ஒரு பிள்ளைக்கு ஆதிரை எண்டு பேர் வச்சிருக்கினம், எப்பவாவது ஒருக்காத்தான் இந்தப் பேரைக் கேக்கலாம். பிள்ளை பிறந்தது திருவாதிரையில. இந்த அநியாயத்தைக் கேளுங்கோ நடுவர் அய்யா, திருவாதிரைக்குப் பஞ்சாங்கத்தில போட்டிருக்கிற எழுத்து கு, க, ங, ச. ஆதிரையில பிறந்த பிள்ளைக்கு ஆதிரை எண்டு வைக்கேலாது! நட்சத்திரத்தின்ர பேரே அந்த நட்சத்திரத்துக்குச் சரிவராதாம். அதோட விட்டுதா, எண்ணும் பிழைச்சுப் போச்சுது, இங்கிலீசில முன்னுக்கு ரெண்டு ஏ போட்டு எழுதினால் கூட்டி 16 வருது, கீரோவின்ர கணக்கில 16க்குப் படம் இடி விழுந்த கோபுரம். ஒரு ஏயைக் கழட்டினால் 15, நல்ல காசு வருமாம். ஆனால் கழட்டினால் அது அதிரை எண்டெல்லோ வாசிபடும், தமிழ்நாட்டில அதிராம்பட்டினத்தைச் சுருக்கிச் சொல்லுறது அதிரை எண்டு, பிள்ளைக்கு ஏன் ஒரு ஊரைத் தூக்கி வைப்பான்.

தாய் அசையேல்ல. ஏன் எண்டால் அந்தப் பேருக்குள்ள என்ன கிடக்கெண்டு அவவுக்குத் தெரியும். மார்கழியில விடியக்காலமை சங்கும் சேமக்கலமுமா திருவெம்பாவை பாடிக்கொண்டு ஒழுங்கை ஒழுங்கையா வருவினமே, பத்து நாளும் பாடி முடியிற அந்தக் கடைசி நாள் ஆருக்கு? ஆதிரைக்கு. வானத்தில சிவப்பா மின்னுற அந்த நட்சத்திரம் ஒண்டு. மற்றது மணிமேகலையில வாற ஆதிரை. புருசன் சாதுவன் கப்பல் உடைஞ்சு செத்துப்போனான் எண்டு கேள்விப்பட்டு நெருப்புக்குள்ள இறங்கினவ, நெருப்பு சுடேல்ல, அவனும் பிறகு உயிரோட திரும்பி வந்திட்டான். மணிமேகலை அமுதசுரபியைக் கொண்டு வந்து முதல் பிச்சை வாங்கினது இந்த ஆதிரையின்ர கையால, உலகம் முழுக்கப் பசிப்பிணி அறுக எண்டு சொல்லிப் போட்டவ. அந்தப் பாத்திரம் கிடைச்ச இடம் மணிபல்லவம், அது எங்கட நயினாதீவுதான் எண்டு கனபேர் சொல்லுறவை. குறிகட்டுவானில இருந்து வள்ளம் ஏறினால் கொஞ்ச நேரம்!

இவ்வளவும் மூண்டு எழுத்துக்குள்ள. நாளைக்கு அந்தப் பிள்ளை டொரண்டோவில போய் நிண்டாலும் உன்ர பேருக்கு என்ன கருத்து எண்டு வெள்ளைக்காரப் பிள்ளை கேக்கும், அவைக்கு அது ஒரு பழக்கம், இவள் ஒரு மணித்தியாலம் கதைப்பாள். டினுஷன் என்ன சொல்லுவான், எங்கட மாமி எண் பாத்தவ எண்டோ?

எதிரணியில இன்னொரு அண்ணை கேட்டவர், பழைய பேருக்கு மட்டும் என்ன பெரிய கருத்து, எண்பது வயசுக் கிழவருக்குச் சின்னத்தம்பி எண்டு பேர் எண்டு. அண்ணை, அவர் பிறக்கேக்க வீட்டில ஒரு பெரியதம்பி இருந்திருப்பார், அதுதான் கருத்து, அந்த வீட்டுக் கதையே அதில கிடக்கு. பாஷையூரில அன்ரன் எண்டு பேர் வைக்கினம், அது தமிழோ எண்டு நான் கேக்கமாட்டன், அந்தோனியார் கோயிலடியில பிறந்த பிள்ளைக்கு அதைவிட என்ன கருத்து வேணும். நான் தனித்தமிழ் எண்டு சண்டைக்கு வரேல்ல. யாழினி எண்டு வடிவான பேர் வச்சிட்டு வெளிநாட்டில யாலினி ஆக்கிப்போட்டு அழுறவையையும் எனக்குத் தெரியும், அந்த இடத்தில எதிரணி சொல்லுறதில நியாயம் இருக்கு, வாயில வராத பேரும் பேரில்லத்தான், அதை ஒத்துக்கொள்ளுறன். ஆனால் கருத்தோட இருக்கிற பேருகளுக்குள்ள வாயில வாறதைத் தேடுறது ஒரு பின்னேர வேலை, இனிக்குது எண்டு வச்ச பேருக்குப் பிறகு கருத்துத் தேடித் திரியிறது சீவியம் முழுக்க.

பிள்ளை பிறந்து 31 ஆம் நாள் துடக்குக் கழிவு, 42 நாளுக்குள்ள பிறப்புப் பதியோணும், அவ்வளவு நாள் இருக்கு, தாயும் தேப்பனும் குந்தியிருந்து கதைக்கலாம், ஆச்சியிட்ட கேக்கலாம், சண்டை பிடிக்கலாம். அதை விட்டிட்டு நாலு எழுத்தைத் துண்டில எழுதிக்கொண்டு ஓடுறியள்.

மணி அடிச்சிட்டுது, விளங்குது நடுவர் அய்யா, ஒரே ஒரு நிமிசம். எனக்குப் பிறகு கதைக்க வாற எதிரணித் தம்பியிட்ட ஒரு சின்னக் கேள்வி. திருவாதிரையின்ர மூண்டாம் எழுத்து ங. ங-வில தொடங்கி, வாய்க்கு இனிக்கிற மாதிரி ஒரே ஒரு பேர் இந்த மைக்கில சொல்லட்டும், எங்கட அணி தோத்தது எண்டு நானே எழுதித் தாறன்.