கறுப்பு வெள்ளையில்தான் அந்த அழகு!

நடுவர் அவர்களே, மயிலாப்பூர்ப் பெரியோர்களே, தாய்மார்களே, வணக்கம்.

'அந்தக் கால நாயகிகளின் உடையழகு பெரிதும் ஒளிர்ந்தது கறுப்பு வெள்ளையிலா, வண்ணத்திலா?' இதுதான் தலைப்பு. எனக்கு முன் பேசிய எதிரணிச் சகோதரி, 1964இல் வந்த 'காதலிக்க நேரமில்லை'யில் காஞ்சனாவையும் ராஜஸ்ரீயையும் ஈஸ்ட்மென் கலரில் பார்த்து ஊரே சொக்கிப்போனது என்றார். 'தில்லானா மோகனாம்பாள்' பத்மினியின் பட்டைச் சொன்னார். மறுக்கவில்லை, நானும் சொக்கியவள்தான். ஆனால் அங்கே நம் கண்ணை இழுத்தது புடவையின் நிறம். ஸ்டைல் அதற்கு முன்பே பிறந்துவிட்டது.

கறுப்பு வெள்ளைக் கேமராவுக்கு ஒரு குணம் உண்டு. கடையில் அரக்குச் சிவப்பு உடல், பச்சைக் கரை என்று கண்ணைப் பறிக்கும் புடவை, படத்தில் இரண்டும் ஒரே சாம்பலாகிப் போகும். கரை இருந்த இடமே தெரியாது. கோடம்பாக்கத்து ஆடைக் கலைஞர் நிறத்தை நம்பி என்ன செய்வார்? வெளிர் உடலுக்கு அடர்ந்த கரை தேட வேண்டும். ரவிக்கைக் கை முழங்கைக்கு எத்தனை விரல் மேலே நிற்கிறது, கழுத்து எவ்வளவு இறங்குகிறது, சரிகை விளக்கொளியை எங்கே வாங்குகிறது, எல்லாம் பார்க்க வேண்டும். கடைக்கண்ணில் மையை வாலாக இழுத்துவிடுவார்களே, அது கடைசி பெஞ்சில் இருப்பவருக்கும் கண் பேச வேண்டும் என்பதற்காக!

'பாசமலர்' சாவித்திரியின் பொட்டு என்ன நிறம்? சிவப்பு என்பீர்கள். திரையில் இருந்தது கறுப்பு. சிவப்பாக்கியது நம் மனசு.

1958இல் 'வஞ்சிக்கோட்டை வாலிபன்'. பத்மினிக்கும் வைஜயந்திமாலாவுக்கும் நடனப் போட்டி. 'சபாஷ், சரியான போட்டி' என்று வில்லன் நடிகர் பி.எஸ்.வீரப்பா சொன்னாரே, அதேதான். ஆட்டம் சூடு பிடித்த பிறகும் யார் பத்மினி, யார் வைஜயந்தி என்று ஒரு நொடி தடுமாறியிருப்போமா? நிறத்தின் தயவு துளியும் இல்லை. உடையின் வெட்டும் நகையின் மினுக்கும்தான் காட்டிக்கொடுத்தன.

தி.நகர்ப் பட்டுக் கடையில் இன்றும் 'பாலும் பழமும் கட்டம்' என்று கேளுங்கள், எடுத்துப் போடுவார்கள். 1961இல் சரோஜாதேவி நடித்த கறுப்பு வெள்ளைப் படத்தின் பெயரும் அதுவே. கவனியுங்கள், பெயர் கட்டத்துக்கு, நிறத்துக்கு அல்ல.

மணி அடிக்கப் போகிறீர்கள், தெரிகிறது. ஒன்றே ஒன்று, என் வீட்டுச் செய்தி. என் அம்மா பத்திரிகையில் வந்த சரோஜாதேவி படத்தைக் கத்தரித்து, நாலாக மடித்து, மாடவீதித் தையல்காரரிடம் கொண்டுபோனாராம். "கை இந்த மாதிரி வரணும், கழுத்தும் இதே மாதிரி." அவர் படத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "துணி என்ன கலரும்மா?" என்று கேட்டிருக்கிறார். பையிலிருந்து அம்மா எடுத்துக் கொடுத்தது, ஏற்கெனவே வீட்டில் இருந்த பாக்கு நிறச் சீட்டித்துணி. புதிதாக ஒரு பைசா துணிக்குச் செலவில்லை. வண்ணப் படமாக இருந்திருந்தால் அதே நிறத்தைத் தேடிக் கடை கடையாக ஏறி இறங்க வேண்டியிருந்திருக்கும், கிடைக்காமல் மனம் நொந்திருப்பார்.

அந்த ரவிக்கை இன்னும் அவர் டிரங்குப் பெட்டியில் இருக்கிறது, நடுவர் அவர்களே. கைமடிப்புத் தையல்கூடப் பிரியவில்லை.