ஒரே ரொக்கெட்டில் சந்திரனுக்கு: சாட்டர்ன் 5 முதல் ஸ்டார்ஷிப் வரை

[திரை: கொழும்புக் கோட்டை, உலக வர்த்தக மையத்தின் இரட்டைக் கோபுரங்கள். பக்கத்தில் நான்கு ரொக்கெட்டுகள் ஒவ்வொன்றாக எழுகின்றன.]

கோட்டையில் உள்ள உலக வர்த்தக மையக் கோபுரங்களின் உயரம் 152 மீற்றர். அவற்றுக்குப் பக்கத்தில் இந்த நான்கையும் நிறுத்திப் பாருங்கள். அமெரிக்காவின் சாட்டர்ன் 5, 110 மீற்றர். சோவியத்தின் என்-1, 105. நாசாவின் இன்றைய எஸ்.எல்.எஸ்., 98. ஸ்பேஸ்எக்ஸின் ஸ்டார்ஷிப் 120ஐத் தாண்டும். உயரத்தில் அப்படியொன்றும் பெரிய வித்தியாசம் இல்லை.

நிலத்தை விட்டு எழும்பும்போது தரும் உதைப்பை எடுத்தால் கதை மாறுகிறது. சாட்டர்ன் 5 ஏறத்தாழ 34 மெகாநியூட்டன். எஸ்.எல்.எஸ். 39. என்-1 சுமார் 45. ஸ்டார்ஷிப் 70க்கும் மேலே. நான்கில் கடைசியில் நிற்பது சாட்டர்ன் 5 தான். ஆனால் மனிதரைச் சந்திரனில் இறக்கியதும் அதுதான். ஒரே ஏவுதலில் 45 தொன்னுக்குக் கிட்டச் சந்திரனை நோக்கி அனுப்பியது. எஸ்.எல்.எஸ்ஸால் அனுப்ப முடிவது 27 தொன்.

கூட உதைப்பு இருந்தும் ஏன் குறைவாகப் போகிறது? இன்றைக்கு அதைத்தான் பார்க்கப்போகிறோம்.

[திரை: கரும்பலகை, சமன்பாடு.]

உயர்தரத்தில் பௌதிகவியல் படித்தவர்களுக்கு உந்தக் காப்பு விதி ஞாபகம் இருக்கும். அதை வைத்து ரஷ்யப் பள்ளி ஆசிரியர் சியோல்கோவ்ஸ்கி 1903இல் ஒரு சமன்பாட்டை வெளியிட்டார். ரொக்கெட் கடைசியில் எவ்வளவு வேகம் எடுக்கும் என்பதை அது இரண்டே விடயங்களை வைத்துச் சொல்கிறது. பின்பக்கத்தால் வாயு எவ்வளவு வேகமாக வெளியேறுகிறது? எரிபொருள் நிரம்பிய ரொக்கெட்டின் திணிவு, வெறும் ரொக்கெட்டின் திணிவைப் போல எத்தனை மடங்கு? உதைப்பு அந்தச் சமன்பாட்டிலேயே இல்லை! எடையை விட உதைப்பு கூடவாக இருந்தால் ரொக்கெட் எழும்பும். அதற்குப் பிறகு எவ்வளவு தூரம் போகும் என்பது வேறு கணக்கு.

தாழ்ந்த சுற்றுப்பாதைக்குச் செக்கனுக்கு 7.8 கிலோமீற்றர் வேகம் வேண்டும். சந்திரனை நோக்கிக் கிளம்ப ஏறத்தாழ 11. இந்த மூன்று கிலோமீற்றர் வித்தியாசத்தில்தான் பல ரொக்கெட்டுகள் மூச்சு வாங்குகின்றன.

வேகம் வீணானால் சுமை குறையும் என்பதற்கு உதாரணம் தேடி நாம் தூரப் போக வேண்டியதில்லை. இலங்கையே ஒரு தடைதான். ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து துருவச் சுற்றுப்பாதைக்குத் தெற்கு நோக்கிக் கிளம்பும் இந்திய ரொக்கெட்டுகள் நேராக வந்தால் நம் தலைக்கு மேலால் பறக்க வேண்டும். அதனால் முதலில் கடல் பக்கமாக விலகிப் போய், பிறகு வளைந்து தெற்கே திரும்புகின்றன. அந்த வளைவுக்கு எரிபொருள் போகிறது, சுமை குறைகிறது. சிறிய ரொக்கெட்டுக்கு அது தாங்க முடியாத இழப்பு. குலசேகரப்பட்டினத்தில் இந்தியா இரண்டாவது ஏவுதளம் கட்டுவதற்கு முக்கியக் காரணம் இதுதான்.

[திரை: சாட்டர்ன் 5, அடுக்கு அடுக்காகப் பிரிகிறது.]

இனி சாட்டர்ன் 5. முதல் அடுக்கில் ஐந்து எஃப்-1 எஞ்சின்கள். எரிபொருள், நன்றாகச் சுத்திகரித்த மண்ணெண்ணெய். இந்த எஞ்சினைப் பற்றிக் கொஞ்சம் சொல்லாமல் என்னால் தாண்டிப் போக முடியாது. ஆரம்பச் சோதனைகளில் எரியறைக்குள் தீச்சுவாலை நிலையாக நிற்கவில்லை. அலை அலையாகச் சுழன்று, கண் மூடித் திறப்பதற்குள் எஞ்சினையே சிதறடித்தது. கணினியில் பாவனை செய்து பார்க்கும் வசதி இன்றுபோல் அன்று இல்லை. பொறியியலாளர்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? எரிந்துகொண்டிருக்கும் எஞ்சினுக்குள்ளேயே சிறிய குண்டு வைத்து வெடிக்கவைத்தார்கள். வேண்டுமென்றே குழப்பத்தை உண்டாக்கி, சுவாலை தானாக அடங்குகிறதா என்று பார்த்தார்கள். எரிபொருளைத் தெளிக்கும் தட்டில் செம்புத் தடுப்புகளை மாற்றி மாற்றிப் பொருத்தி, கடைசியில் குண்டு வெடித்தாலும் பத்தில் ஒரு செக்கனுக்குள் எஞ்சின் சமநிலைக்கு வரும்படி செய்துவிட்டார்கள். முழு அளவிலான சோதனைகள் மட்டும் சுமார் 2,000.

ஆனாலும் சந்திரனுக்குக் கொண்டுபோன பெருமை எஃப்-1க்கு மட்டும் உரியதல்ல. அதன் வாயு வெளியேறும் வேகம் நிலமட்டத்தில் செக்கனுக்கு 2.6 கிலோமீற்றர்தான். மேல் இரண்டு அடுக்குகளிலும் இருந்த ஜே-2 எஞ்சின்கள் திரவ ஐதரசனை எரித்தன. அங்கே அந்த வேகம் 4.1. சமன்பாட்டின் முதல் பாதி இது. அடர்த்தியான மண்ணெண்ணெய் கீழே நின்று தூக்கிவிட, ஐதரசன் மேலே வேகத்தைக் கூட்டியது. கட்டளைக் கலம், இறங்குகலம், மூன்று வீரர்கள் எல்லாம் ஒரே பயணத்தில் போனது இந்த ஏற்பாட்டால்தான். 1967 முதல் 1973 வரை 13 ஏவுதல்கள். கடைசியாக ஏற்றிப்போனது ஸ்கைலாப் விண்வெளி நிலையம்.

[திரை: பைக்கனூர், என்-1.]

என்-1இல் ஐதரசன் இல்லை. எல்லா அடுக்கிலும் மண்ணெண்ணெய்தான். ஆகவே கூடிய உதைப்போடு எழும்பினாலும், அது தாழ்ந்த சுற்றுப்பாதைக்குக் கொண்டுபோகத் திட்டமிட்டது 95 தொன் அளவே. சாட்டர்ன் 5க்கு அந்தக் கணக்கு, எதைச் சேர்த்து எண்ணுகிறோம் என்பதைப் பொறுத்து, 118 முதல் 140 தொன் வரை வரும். சோவியத் திட்டத்தில் சந்திரனில் இறங்க ஒரே ஒருவருக்குத்தான் இடம்.

அந்த ஒருவரும் போகவில்லை. தலைமை வடிவமைப்பாளர் கொரோலேவ் 1966 ஜனவரியில் இறந்துவிட்டார். பணமும் நேரமும் போதவில்லை. முதல் அடுக்கில் 30 எஞ்சின்கள். அவற்றின் சில வால்வுகள் வெடிமருந்தால் ஒரே தடவை திறப்பவை. எனவே பறக்கப்போகும் எஞ்சினை முன்கூட்டி எரித்துப் பார்க்க வழியில்லை. ஒவ்வொரு தொகுதியிலிருந்தும் சிலதை எடுத்து எரித்துப் பார்த்துவிட்டு, மற்றவற்றை நம்பிப் பொருத்தினார்கள். முழு அடுக்கையும் ஒன்றாக எரித்துப் பார்க்கும் மேடையும் கட்டப்படவில்லை. அமெரிக்கர்கள் அதற்கென்றே மிசிசிப்பியில் மேடை கட்டியிருந்தார்கள்.

நான்கு ஏவுதல்கள், நான்கும் தோல்வி. 1969 ஜூலை 3ஆம் திகதி இரண்டாவது ரொக்கெட் எழும்பிய கையோடு ஏவுமேடையிலேயே விழுந்து வெடித்தது. மேடை நாசம். அதற்கு 13 நாள் கழித்து அப்பலோ 11 கிளம்பியது.

அந்தத் திட்டத்துக்காக மேம்படுத்திய எஞ்சின்கள் பல ஆண்டுகள் களஞ்சியத்தில் கிடந்து, பிறகு அமெரிக்காவுக்கு விற்கப்பட்டு, அன்ராரிஸ் என்ற ரொக்கெட்டில் பறந்தன. 2014இல் அப்படிப் பறந்த ஒன்று வெடித்தது. எஞ்சினை மாற்றினார்கள். மாற்றிய அதே அன்ராரிஸ்தான் 2019 ஏப்ரலில் நம்முடைய செய்மதி இராவணா-1ஐச் சர்வதேச விண்வெளி நிலையத்துக்குக் கொண்டுபோனது. ஒரு கிலோ அளவுதான் அதன் திணிவு.

[திரை: ஸ்பேஸ் ஷட்டில், எனேர்ஜியா. வேகமாகக் கடக்கிறது.]

நடுவில் வந்தவர்களைச் சுருக்கமாகப் பார்த்துவிடுவோம். ஷட்டில் 1981 முதல் 2011 வரை 135 தடவை பறந்தது. ஏறத்தாழ 100 தொன்னைச் சுற்றுப்பாதைக்குக் கொண்டுபோனது உண்மை. ஆனால் அதில் பெரும்பங்கு ஷட்டிலின் சொந்தத் திணிவே. சுமைக்குக் கிடைத்தது 25 தொன்னை ஒட்டித்தான். சோவியத்தின் எனேர்ஜியா, 1987இலும் 1988இலும் இரண்டே பறப்பு. நாடே இல்லாமல் போக, அதுவும் போயிற்று.

[திரை: எஸ்.எல்.எஸ்., 2022 நவம்பர் 16.]

எஸ்.எல்.எஸ்., ஷட்டிலின் பிள்ளை. கிளம்பும்போது உதைப்பில் முக்கால் பங்குக்கு மேல் தருபவை இரண்டு திண்ம எரிபொருள் பூஸ்டர்கள். இரண்டு நிமிடத்தில் அவற்றின் வேலை முடிந்துவிடும். நடு அடுக்கு நல்ல ஐதரசன் அடுக்கு. குறை எங்கே என்றால், உச்சியில்: வேறொரு ரொக்கெட்டிலிருந்து எடுத்துத் திருத்திய சிறிய மேலடுக்கு, அதில் ஒரே ஒரு எஞ்சின். அடியில் இருக்கும் பலத்துக்கு மேலே இருப்பது ஈடாகவில்லை. வீரர்கள் செல்லும் ஒரையன் கலத்தை அனுப்பலாம். இறங்குகலத்தைக் கூடவே அனுப்ப முடியாது. செலவோ, நாசாவின் தலைமைக் கணக்காய்வு அதிகாரி 2022இல் சொன்னபடி, ஒரையனும் நிலவசதிகளும் சேர்த்து ஒரு பயணத்துக்கு 4.1 பில்லியன் டொலர். முதல் பயணத்தில் ஷட்டிலில் பறந்து திரும்பிவந்த நான்கு எஞ்சின்களைப் பொருத்தி, கடலில் போட்டார்கள். அருங்காட்சியகத்தில் வைத்திருக்க வேண்டியவை.

மேலடுக்கே இல்லாவிட்டால்? சீனாவின் லோங் மார்ச் 5பி 2022 வரை அப்படித்தான் பறந்தது. நடு அடுக்கே சுற்றுப்பாதைக்குப் போய், பிறகு கட்டுப்பாடின்றிக் கீழே வந்தது. 2021 மே 9ஆம் திகதி அப்படி வந்த ஒன்று மாலைதீவுக்குப் பக்கத்தில் இந்து சமுத்திரத்தில் விழுந்தது. அந்த வார இறுதியில் நம் பக்கத்துச் செய்திகளில் அடிபட்டது அதுதான்.

[திரை: ஸ்டார்ஷிப் பூஸ்டரைக் கோபுரம் பிடிக்கிறது.]

கடைசியாக ஸ்டார்ஷிப். திரவ மெதேன், 33 எஞ்சின்கள். என்-1ஐப் பார்த்து, அத்தனை எஞ்சினைச் சேர்த்ததே தவறு என்று சொல்வது வழக்கமாகிவிட்டது. 2018இல் 27 எஞ்சினோடு ஸ்பேஸ்எக்ஸின் ஃபால்கன் ஹெவி ரொக்கெட் பறந்தபோதே அந்தப் பேச்சு முடிந்திருக்க வேண்டும். இன்று ஒவ்வொரு எஞ்சினையும் எரித்துப் பார்த்த பிறகே பொருத்துகிறார்கள். 2023 ஏப்ரலில் முதல் பறப்பு ஏவுமேடையின் கொங்கிரீட்டையே பெயர்த்தெறிந்தது. 2024 ஒக்டோபர் 13ஆம் திகதி அதே மேடையின் கோபுரம், திரும்பிவந்த கீழடுக்கான பூஸ்டரைக் கைகளால் பிடித்தது.

திரும்பி வருவதற்கும் விலை உண்டு. இறங்குவதற்கு எரிபொருளை மிச்சம் வைக்க வேண்டும், வெப்பக் கவசம் வேண்டும், இறக்கை வேண்டும். சமன்பாட்டின் இரண்டாவது பாதி இங்கேதான் கடிக்கிறது. மேலே போகும் கலம் வெறுமையாகவே 100 தொன் அளவு. ஆகவே சாட்டர்ன் 5ஐப் போல இரண்டு மடங்கு உதைப்பு இருந்தும், ஸ்டார்ஷிப் ஒரே ஏவுதலில் சந்திரனுக்குப் போகாது. தாழ்ந்த சுற்றுப்பாதையில் நிற்கும். வேறு ஸ்டார்ஷிப்கள் வந்து வந்து எரிபொருள் நிரப்ப வேண்டும். சீனாவும் லோங் மார்ச் 10ஐ வைத்து வீரர்களை ஒன்றிலும் இறங்குகலத்தை இன்னொன்றிலும் அனுப்பவே திட்டமிடுகிறது.

இதில் ஒரு பழைய வாதம் திரும்பி வந்திருக்கிறது. பூமியின் சுற்றுப்பாதையில் பல ஏவுதல்களால் கலத்தைச் சேர்ப்பதுதான் சாட்டர்ன் 5ஐ உருவாக்கிய குழுவின் தலைவர் ஃபொன் பிரவுனுக்கு முதலில் பிடித்த வழி. ஜோன் ஹூபோல்ட் என்ற பொறியியலாளர், சிறிய இறங்குகலத்தைத் தனியாகச் சந்திரனில் இறக்கினால் ஒரே ரொக்கெட் போதும் என்று விடாமல் வாதாடினார். 1962இல் ஃபொன் பிரவுன் தன் பக்கத்தவர்களே எதிர்பாராதபடி ஹூபோல்டின் வழிக்கு வந்தார். பத்தாண்டு முடிவதற்குள் இறங்க வேண்டும் என்ற கெடுவுக்கு அதுவே சரியான வழி. இன்று அந்த மாதிரிக் கெடு இல்லை, ரொக்கெட்டைத் திரும்பப் பாவிக்கவும் தெரிந்துவிட்டது. அன்று கைவிட்ட வழியில் கூடுதலான சுமை போகும். ஆனால் கடுங்குளிரில் வைத்திருக்க வேண்டிய மெதேனையும் ஒட்சிசனையும் ஒரு கலத்திலிருந்து இன்னொன்றுக்கு, கொதித்து ஆவியாகிப் போகாமல், நூற்றுக்கணக்கான தொன் மாற்ற வேண்டும். 2024 மார்ச்சில் ஒரே ஸ்டார்ஷிப்புக்குள் ஒரு தாங்கியிலிருந்து இன்னொரு தாங்கிக்கு மாற்றிப் பார்த்தது அதற்கான முதல் படி. இரண்டு கலங்கள் விண்வெளியில் பொருந்தி நின்று அதைச் செய்வதுதான் அடுத்தது.