மகள் பெயரில் ஒரு வைப்புக் கணக்கு: மறுமலர்ச்சிக் கால புளோரன்ஸில் பெண்ணும் ஆணும்

[திரை: 15ஆம் நூற்றாண்டு புளோரன்ஸ் வரைபடம். ஆர்னோ ஆறு, நகர மதில், கதீட்ரல்.]

1425ஆம் ஆண்டு. புளோரன்ஸ் குடியரசுக்கும் மிலானுக்கும் போர். கூலிப்படைக்குச் சம்பளம் கொடுத்துக் கஜானா காலி, அரசுக் கடன் ஏறிக்கொண்டே போகிறது. அந்த நேரத்தில் அரசு ஒரு வைப்புத் திட்டத்தைத் தொடங்குகிறது. சின்னப் பெண்ணின் பெயரில் தகப்பன் 100 பொன் புளோரின் கட்டினால், 15 ஆண்டு கழித்து அவளுடைய வரதட்சணைக்கு 500 புளோரின் கிடைக்கும். ஏழரை ஆண்டு போதும் என்றால் 250. திட்டத்தின் பெயர் மோன்டே டெல்லே டோட்டி, அதாவது வரதட்சணை நிதி.

மறுமலர்ச்சிக் காலத்துப் பெண்ணைப் பற்றிப் பேசும்போது பொதுவாக ஓவியங்களையும் ஒழுக்க நூல்களையும் காட்டுவார்கள். இந்த வீடியோவில் கணக்கேட்டைப் பார்ப்போம். ஒருத்தி எந்த வயதில் மணந்தாள், யார் வீட்டில் வாழ்ந்தாள், விதவையானால் எங்கே போனாள், யார் மடத்துக்குப் போனார்கள் என்பதையெல்லாம் இந்தப் பணம் போன வழிதான் தீர்மானித்தது.

[திரை: 100 → 500, 15 ஆண்டு.]

கணக்குப் போட்டால் ஆண்டுக்கு ஏறக்குறைய 11 சதவீதக் கூட்டு வட்டி. இவ்வளவு தாராளமாகக் கொடுத்தும் ஆரம்பத்தில் பணம் கட்ட ஆளில்லை. காரணம் ஒரு விதி: பெண் இடையில் இறந்துவிட்டால் கட்டிய முதலும் அரசுக்கே சேரும். கொள்ளைநோய் திரும்பத் திரும்ப வந்துபோன ஊரில், பிள்ளை பிழைத்துக் கிடக்குமா என்றே தெரியாத நிலையில், எந்தத் தகப்பன் அப்படிக் கட்டுவான்? 1433இல் விதியை மாற்றினார்கள். பெண் இறந்தாலும் துறவறம் பூண்டாலும் முதல் திரும்பக் கிடைக்கும் என்றானது. அதற்குப் பிறகுதான் பணக்காரக் குடும்பங்கள் வரிசையில் நின்றன.

இதில் கவனிக்க வேண்டிய இடம் ஒன்று உண்டு. கணக்கு மகள் பெயரில், ஆனால் பணத்தை வாங்குபவன் கணவன். அதுவும் தவணை முடிந்திருக்க வேண்டும், தாம்பத்தியமும் நடந்திருக்க வேண்டும். வரதட்சணை ஒப்பந்தத்துக்கு உரிய வரியைக் கட்டிய பிறகே கைக்கு வரும். 1478க்குப் பிறகு நிதி தள்ளாடியபோது ஒரு பகுதிதான் ரொக்கம், மீதி அரசின் கடன் கணக்கில் வரவு. அப்பெண்ணின் மாமனார் வீட்டில் அன்று எவ்வளவு முணுமுணுப்பு இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

[திரை: கையெழுத்துக் கடிதம். 24 ஆகஸ்ட் 1447.]

இனி ஒரு குடும்பத்தைக் கிட்டே போய்ப் பார்ப்போம். அலெஸ்ஸாண்ட்ரா மச்சிங்கி ஸ்ட்ரோஸி ஒரு விதவை. கணவரை 1434இல் நாடு கடத்தினார்கள். அங்கேயே அவர் இறந்துபோனார். நேப்பிள்ஸில் வேலை பார்க்கும் மூத்த மகன் ஃபிலிப்போவுக்கு அலெஸ்ஸாண்ட்ரா கடிதம் எழுதுகிறார்: 16 வயது மகள் கதெரீனாவுக்கு வரன் முடிந்துவிட்டது. மாப்பிள்ளை மார்கோ பரேன்டி, 25 வயது, பட்டு வியாபாரக் குடும்பத்தின் ஒரே மகன். வரதட்சணை 1000 புளோரின். அதில் 500, நிதியிலிருந்து 1448 மே மாதம் வரும். மற்ற 500 ரொக்கமாகவும் சீர் சாமானாகவும் குடும்பம் தர வேண்டும்.

ஒரு கூலித் தொழிலாளி ஆண்டு முழுக்க உழைத்தால் சுமார் 30 புளோரின் சம்பாதித்த காலம் அது. 1000 புளோரின் என்றால் அவருடைய வாழ்நாள் உழைப்பு.

அப்படியும் இது அலெஸ்ஸாண்ட்ராவின் முதல் விருப்பமில்லை. இன்னும் உயர்ந்த குடும்பம் வேண்டுமென்றால் 1400, 1500 புளோரின் எடுத்து வைக்க வேண்டும், அது நம்மைக் கவிழ்த்துவிடும் என்று மகனுக்கு ஒளிக்காமல் எழுதுகிறார். பெண் எடுக்க வருகிறவன் பணம் கேட்கிறான், தவணை முடியும்வரை காத்திருக்க எவனும் தயாரில்லை என்கிறார். சமூகத்தில் ஒரு குடும்பத்தின் நிலை எது என்பதை, எவ்வளவு கொடுத்து யாரைச் சம்பந்தியாக்க முடிகிறது என்பதே காட்டியது.

[திரை: செந்நிற வெல்வெட், முத்துகள், இறகு.]

அதே கடிதத்தில் நகைப் பட்டியலும் இருக்கிறது. மாப்பிள்ளை பட்டு வெல்வெட்டில் கருஞ்சிவப்பு அங்கி தைக்கச் சொல்லியிருக்கிறார். முத்து பதித்த இறகு மகுடம் 80 புளோரின், அதற்கு அடியில் இரண்டு சரம் முத்து 60 புளோரினுக்கு மேல். வெளியே போகும்போது அவள் உடம்பில் 400 புளோரினுக்கு மேல் இருக்கும் என்று தாய் பெருமைப்படுகிறார். அந்தப் பெருமை உண்மையானது. ஆனால் சட்டப்படி இந்த நகையும் துணியும் கணவனுடையவை. புதுப்பெண் கோலம் முடிந்த பிறகு அவற்றை விற்பதும், பிரித்து வேறு வேலைக்கு எடுப்பதும் சகஜம்.

ஓவியத்திலும் இது தெரியும். கிர்லாண்டாயோ வரைந்த ஜொவான்னா தொர்னபுவோனியின் உருவப்படத்தைப் பெரிதாக்கிப் பாருங்கள். தோள்பக்க ஆடையில் கணவன் லொரென்சோவின் முதலெழுத்து, கூடவே அவன் குடும்பச் சின்னம். ஜொவான்னா 1488இல், இரண்டாவது முறை கர்ப்பமாக இருந்தபோது இறந்தவர்.

[திரை: திருமணப் படிகள், ஒவ்வொன்றாக.]

கல்யாணம் எப்படி நடந்தது? முதலில் தரகர் பேசி முடிப்பார். பிறகு இரண்டு வீட்டு ஆண்கள் கைகுலுக்குவார்கள். பெண் அங்கே இருக்கத் தேவையில்லை. அடுத்து நோட்டரி முன்னிலையில் ஒப்பந்தம். பிறகு மோதிர நாள்: பெண் வீட்டில் நோட்டரி இருவரிடமும் சம்மதம் கேட்பார், மாப்பிள்ளை மோதிரம் போடுவார். கடைசியாகப் பெண்ணை ஊரறிய மாப்பிள்ளை வீட்டுக்கு அழைத்துப் போவார்கள். பாதிரியார் கட்டாயம் என்ற விதி 1563இல், கத்தோலிக்கத் திருச்சபையின் டிரென்ட் பொதுச்சங்கத்தில்தான் வருகிறது.

வரதட்சணை கொடுத்தாயிற்று என்றால் தகப்பன் சொத்தில் பெண்ணுக்குப் பங்கில்லை, அது சகோதரர்களுக்கு. அவள் ஒப்பந்தம் போடவோ சொத்து விற்கவோ முந்துவால்தோ என்ற ஆண் பாதுகாவலரின் ஒப்புதல் வேண்டும். ஒரு கதவு மட்டும் திறந்திருந்தது: கணவன் திவாலாகும் நிலைக்குப் போனால், மனைவி நீதிமன்றத்தில் வரதட்சணையைத் திரும்பக் கேட்கலாம். இதையே குடும்பங்கள் கடன்காரர்களிடமிருந்து சொத்தைக் காப்பாற்றவும் பயன்படுத்தின.

[திரை: 1427 வரிக் கணக்கெடுப்பு ஏடு.]

1427 கணக்கெடுப்பில் பெண்கள் 18 வயதை ஒட்டி மணக்கிறார்கள், ஆண்கள் 30ஐ ஒட்டி. தொழிலில் காலூன்றி, தகப்பனின் பிடியிலிருந்து வெளியே வந்த பிறகே ஒருவன் முழு ஆணாக மதிக்கப்பட்டான். அதுவரை நீளும் வாலிபப் பருவம் அரசுக்குப் பெரிய கவலை. விலைமாதர் தொழிலைக் கண்காணிக்க 1403இல் ஒரு அலுவலகம், ஆண்களுக்கிடையிலான உறவைத் தண்டிக்க 1432இல் ‘இரவு அதிகாரிகள்’ என்று இன்னொன்று. சுமார் 40,000 பேர் வாழ்ந்த ஊரில், 70 ஆண்டுகளில் ஏறத்தாழ 17,000 பேர் மீது புகார் போனது. தண்டிக்கப்பட்டவர்களில் பெரும்பாலோருக்கு அபராதம்தான், பிறகு பலர் மணந்து குடும்பத் தலைவர்களானார்கள். ஆண்மை என்பதன் வரையறையை வயதும் வீட்டில் அவன் வகித்த இடமும் முடிவு செய்தன.

இந்த வயது இடைவெளியின் இன்னொரு விளைவு: வளர்ந்த பெண்களில் ஏறக்குறைய நான்கில் ஒருவர் விதவை. இளம் விதவைக்கு இரண்டு பக்கமும் இழுபறி. பிறந்த வீடு வரதட்சணையோடு அவளை மீட்டு மறுமணம் செய்ய நினைக்கும். அவள் போனால் பணமும் போகும், பிள்ளைகள் மட்டும் அப்பாவின் குடும்பத்தில் நிற்பார்கள். அதனால்தான் பல கணவர்கள் உயிலில், மறுமணம் செய்யாமல் பிள்ளைகளோடு இருந்தால் இவ்வளவு தருகிறேன் என்று எழுதி வைத்தார்கள். முப்பது வயதுக்குள் விதவையான அலெஸ்ஸாண்ட்ரா பிள்ளைகளோடு நின்றுவிட்டார். அவர் நாடு கடத்தப்பட்ட மகன்களுக்கு எழுதிய 73 கடிதங்கள் நமக்குக் கிடைப்பதற்கு அந்த முடிவே காரணம்.

வெனிஸிலும் வரதட்சணை ஏறிக்கொண்டே போனது. அங்கே 1420இல் 1600 டுகட்டுக்கு (வெனிஸின் பொற்காசு) மேல் கூடாது என்று சட்டம் போட்டார்கள். யாரும் மதிக்கவில்லை, 1505இல் வரம்பையே 3000 ஆக்கினார்கள்.

[திரை: மடத்தின் உள்முற்றம்.]

இரண்டு மூன்று பெண்கள் இருந்த வீட்டில் எல்லாருக்கும் கட்டுப்படி ஆகாது. மடமும் வரதட்சணை கேட்டது, ஆனால் மாப்பிள்ளை கேட்பதைவிடக் குறைவு. எனவே 16ஆம் நூற்றாண்டின் நடுவில் புளோரன்ஸ் பெண்களில் பத்தில் ஒருவருக்கு மேல் கன்னியாஸ்திரி. விரும்பிப் போனவர்களும் உண்டு, பேச்சே இல்லாமல் அனுப்பப்பட்டவர்களும் உண்டு. ஆனாலும் வெளியே கிடைக்காத வேலை அங்கே கிடைத்தது. சான் யாக்கோப்போ தி ரிப்போலி மடத்து அச்சகத்தில், 1476க்கும் 1484க்கும் இடையே, கன்னியாஸ்திரிகள் எழுத்துக் கோத்தார்கள்.

14 வயதில் மடம் புகுந்த பிளாவுதில்லா நெல்லி, ஆசிரியர் யாரும் இல்லாமலேயே ஓவியரானார். ஆண்களைப் போல உயிருள்ள உருவத்தைப் பார்த்து வரையும் வாய்ப்பு இருந்திருந்தால் அற்புதங்கள் செய்திருப்பார் என்று, ஓவியர்களின் வாழ்க்கை வரலாறுகளை எழுதிய வசாரி 1568இல் எழுதினார். நெல்லியின் ‘கடைசி இராவுணவு’ சுமார் 7 மீட்டர் நீளம். அதில் அவர் தன் பெயரை எழுதி, வரைந்தவளுக்காக வேண்டிக்கொள்ளுங்கள் என்று இலத்தீனில் சேர்த்திருக்கிறார். பழுதுபார்ப்பு முடிந்து, 2019 முதல் அந்த ஓவியம் புளோரன்ஸின் சாந்தா மரியா நொவெல்லா அருங்காட்சியகத்தில் இருக்கிறது.